அப்பா தலை குனிந்திருந்த நேரம்

போன ஞாயிற்றுக்கிழமை எங்கள் சபையில் பீடத்துக்கு வலப்பக்கச் சுவரில் பெரிய திரை ஒன்றை மாட்டிவிட்டார்கள். பாட்டு வரிகள் அதில் ஓடுகின்றன. பாட்டுப் புத்தகத்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வருகிறவன் இனி நான் ஒருவன்தான் போலிருக்கிறது. ஆராதனை முடிந்ததும் வாலிபர் சங்கத்துப் பிள்ளைகள் எடுத்த குறும்படம் ஒன்றைப் போட்டார்கள். குடியின் தீமை பற்றியது. குடிகாரனாக நடித்த பையன் டீ குடிப்பதுபோல ஊதி ஊதிச் சாராயம் குடித்தான். அதை விடுங்கள். படம் முடிந்து பேர்கள் ஓடின. கதை, வசனம், இயக்கம் மூன்றுக்கும் ஒரே பெயர், எங்கள் சபைச் செயலாளரின் பேரன். போதகர் எழுந்து நின்று கைதட்டினார். சபையே தட்டியது. நானும் தட்டினேன். தட்டாவிட்டால் கிழவனுக்குப் பொறாமை என்பார்கள். பொறாமைதான், அதை எதற்கு உங்களிடம் மறைக்கவேண்டும்?

நானும் சினிமாவுக்கு வசனம் எழுதியவன். பத்துப் பன்னிரண்டு வருஷம் எழுதினேன். எத்தனை படம் என்று கேட்காதீர்கள், கேட்டால் எனக்கு வாய் நிற்காது. என் பெயர் திரையில் வந்தது ஒரே ஒரு படத்தில். அந்தப் பெயரை அப்பா ஒரு தடவை தன் கண்ணால் பார்த்துவிட வேண்டும். அதைத் தவிர அந்தத் தொழிலில் எனக்குப் பெரிய ஆசை ஒன்றும் கடைசியில் மிஞ்சியிருக்கவில்லை.

அப்பாவுக்குக் கீரிப்பாறை அரசாங்க ரப்பர் தோட்டத்தில் வேலை. பால் வந்து சேருகிற கொட்டகையில் தொடங்கி, ஷீட் உலர்த்தும் புகையறையில் வந்து நின்றார். புளித்த பால் வாடையும் புகை வாடையும் சேர்ந்து அவர் சட்டையில் குடியிருந்தன. அம்மா எத்தனை சோப்பு போட்டாலும் போகாது. சபையில் எல்லார் சட்டையிலும் அதே வாடை என்பதால் யாரும் யாரையும் பார்த்து மூக்கைப் பொத்தவில்லை. நான் சென்னைக்குப் போன பிறகுதான் அது ஒரு வாடை என்றே எனக்குத் தெரிந்தது.

அப்பா பெரிய ஜெபக்காரர். கோயிலுக்குள் போய் உட்கார்ந்ததும் எல்லாரும் தலை குனிந்து கொஞ்ச நேரம் மௌனமாக ஜெபிப்பார்கள். எங்கள் பக்கத்து வழக்கம் அது. அப்பாவுக்கு உட்காருகிற இடமெல்லாம் கோயில்தான். எஸ்டேட் பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தால் தலை குனிந்துவிடும். கண்டக்டர் டிக்கெட்டைக் கிழித்துக் கையில் வைத்துக்கொண்டு அடுத்த நிறுத்தம் வரைக்கும் நிற்பார். ஜெபத்தில் இருக்கிற மனுஷரை எப்படித் தட்டுவது? வீட்டிலும் அப்படித்தான். ஒரு தடவை ஆட்டுக்குட்டி ஒன்று உள்ளே வந்து மேசையில் வைத்திருந்த சோற்றில் வாய் வைத்தது. நாங்கள் எல்லாரும் பார்த்துக்கொண்டுதான் இருந்தோம். ஆமென் வந்த பிறகுதான் அம்மா எழுந்து அதை விரட்டினாள். அன்றைக்கு ஆடு தின்ற மிச்சத்தைத்தான் நாங்கள் தின்றோம், கர்த்தருக்கு ஸ்தோத்திரம்.

அந்தச் சபையில் சினிமாவுக்குப் போனவனுக்குத் திருவிருந்தில் அப்பமும் ரசமும் கிடையாது. யார் போனான், எந்தப் படத்துக்குப் போனான் என்று துப்பு எடுத்துப் போதகர் காதில் போடுவதற்கென்றே ஓர் உபதேசியார் இருந்தார். ஒல்லி மனுஷர். குரல் மட்டும் ரெண்டு ஆள் குரல். அவர் போட்ட கிறிஸ்துமஸ் நாடகத்துக்குத்தான் நான் முதன்முதலில் வசனம் எழுதினேன். ஏரோது ராஜாவுக்கு நான் எழுதிய வசனத்தைக் கேட்டு ஊரே கைதட்டியது. கெடுதல் அங்கேதான் ஆரம்பம். அன்றைக்கு யாராவது என் முதுகில் நாலு வைத்திருந்தால் நான் ஒழுங்காகப் பள்ளிக்கூட வாத்தியாராகிப் பென்ஷன் வாங்கியிருப்பேன்.

பென்ஷன் என்றதும் ஒன்று நினைவுக்கு வருகிறது. நான் சென்னைக்குப் போய் சினிமாவில் சேர்ந்தேன் என்று தெரிந்ததும் அப்பா என்னோடு பேசுவதை நிறுத்திக்கொண்டார். நான் முதலில் எழுதிய படம் வந்தபோது அதில் “கதை: கதை இலாகா” என்று போட்டார்கள். பேர் போடவேண்டாத எழுத்தாளர்களை மொத்தமாகக் கட்டிப் போடும் சாக்கு அது. நாங்கள் நாலு பேர் அந்தச் சாக்குக்குள் கிடந்தோம். அம்மா இதை அப்பாவிடம் சொல்லியிருக்கிறாள். அடுத்த தடவை ஊருக்கு வந்தபோது ரொம்ப நாளைக்குப் பிறகு அப்பா என் முகத்தைப் பார்த்துப் பேசினார். “இலாகான்னா பென்ஷன் உண்டா மக்கா?” என்றார். இல்லையென்று சொன்னேன். திரும்பவும் பேச்சை நிறுத்திக்கொண்டார்.

வேலை வடபழனியில் ஒரு லாட்ஜில். கதை டிஸ்கஷன் என்பார்கள். ஜன்னலை அடைத்துத் திரையை இழுத்துவிட்டு உட்காருவோம். தயாரிப்பாளர் கட்டிலில் படுத்திருப்பார். பெரியவர் நாற்காலியில், நாங்கள் பாயில். பெரியவர் என்று நான் சொல்வது அந்தக் காலத்தில் பேர்போன வசனகர்த்தா, என்னை வேலைக்கு வைத்துக்கொண்டவர். பெயரைச் சொல்லவில்லை, அவர் பிள்ளைகள் நன்றாக இருக்கட்டும். நான் எழுதுவேன், அவர் படித்துக்காட்டுவார். இதுதான் ஏற்பாடு. என்ன அருமையாகப் படிப்பார் தெரியுமா! நான் எழுதியதை அவர் வாயால் கேட்கும்போது எனக்கே கண் கலங்கும். படித்து முடித்ததும் தயாரிப்பாளர் எழுந்து வந்து அவர் கையைப் பிடித்துக்கொள்வார். நான் ஃப்ளாஸ்கைத் தூக்கிக்கொண்டு காபி வாங்கப் போவேன்.

ஷூட்டிங்கில் விளக்குக்குப் பின்னால் நின்று வசனத்தை எடுத்துக்கொடுப்பதும் என் வேலைதான். பம்பாயிலிருந்து வந்த நாயகி ஒருத்தி, தமிழ் நாக்கில் புரளவில்லையென்று, ஒன்று இரண்டு மூன்று என்று எண்ணிக்கொண்டே கதறி அழுதாள். நான் ராத்திரி கண்விழித்து எழுதிய பக்கம் அது. டப்பிங்கில் ஒட்டிக்கொண்டார்கள். ஜனங்களும் அழுதார்கள். எங்கள் ஊர்ப் பேச்சை எழுதினால் அது சிரிப்பு நடிகருக்குத்தான் போகும். மகளைப் பறிகொடுத்த தகப்பன் ஒருவனுக்கு எங்கள் பேச்சில் ஒரு காட்சி எழுதியிருந்தேன். “உங்க ஊர்த் தமிழ்ல அழுதா யாருப்பா அழுவா?” என்றார் பெரியவர். அந்தக் காட்சியை வரி மாற்றாமல் எடுத்துக் கோழியைத் தொலைத்தவனுக்குக் கொடுத்தார்கள். தியேட்டரில் நல்ல சிரிப்பு. நானும் போய்க் கேட்டேன்.

இப்படியே போய்க்கொண்டிருந்தபோது ஒரு படத்தின் நடுவில் பெரியவருக்கும் தயாரிப்பாளருக்கும் முட்டிக்கொண்டது. வீட்டுக்குக் கார் அனுப்பவில்லையாம். பெரியவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார். செட் போட்டாகிவிட்டது, நடிகர்களின் தேதி வாங்கியாகிவிட்டது. இத்தனை நாளும் எழுதியது நான்தான் என்பது அன்றைக்குத்தான் எல்லாருக்கும் திடீரென்று தெரிந்தது. நீயே முடித்துக்கொடு, உன் பெயரையே போட்டுவிடலாம் என்றார் தயாரிப்பாளர்.

பெரியவர் அன்று சாயங்காலமே என்னைக் கூப்பிட்டனுப்பினார். வெற்றிலை மென்றுகொண்டிருந்தார். “பேர் போட்டுக்கோ தம்பி, தாராளமா போட்டுக்கோ. அதுக்கப்புறம் கோடம்பாக்கத்துல நீ யாருக்கு எழுதறேன்னு பாக்கறேன்” என்றார். சிரித்துக்கொண்டேதான் சொன்னார். அவர் சொன்னால் செய்கிறவர் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். வேண்டாம், பழையபடி இலாகாவிலேயே கிடக்கிறேன் என்று அவர் காலில் விழுந்திருக்கலாம். விழுந்திருந்தால் இன்னும் இருபது வருஷம் ஓட்டியிருப்பேன். பெயரைப் போடச் சொல்லிவிட்டேன். அப்பா பார்ப்பார், பார்த்தால் பேசுவார் என்பது மட்டும்தான் மண்டையில் இருந்தது. பெயர் போட்ட பிரிண்டை அப்பாவோடு சேர்ந்துதான் முதலில் பார்ப்பது என்று, சென்னையில் போட்டுக்காட்டியபோதுகூடப் போகாமல் ரயிலேறிவிட்டேன்.

அம்மாதான் அவரைச் சம்மதிக்க வைத்தாள். என்ன சொன்னாளோ, எப்படிச் சொன்னாளோ. ஒரு காலையில் அப்பா என் முன்னால் வந்து நின்று, பேர் மட்டும் பார்ப்பேன், பார்த்ததும் எழுந்துவிடுவேன் என்றார். நாகர்கோவிலில் வேண்டாமாம், சபைக்காரர்கள் கண்ணில் படும். குழித்துறைக்குப் போவோம், அங்கே நம்மைத் தெரிந்தவன் ஒருவனும் இல்லை என்றார். ஒரு பாவத்தைச் செய்வதற்கு இரண்டு பஸ் மாறி, மாவட்டத்தின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைக்குப் போனோம். அப்பா கோயிலுக்குப் போகிற வேட்டி சட்டையில் இருந்தார். பஸ் ஸ்டாண்டிலிருந்து தியேட்டர் வரை, வெயிலே இல்லாத சாலையில், குடையை முகத்துக்கு நேராகப் பிடித்துக்கொண்டு நடந்தார்.

தியேட்டருக்குள் பீடிப்புகையும் மூத்திர வாடையும். பக்கத்தில் அப்பாவின் சட்டை வாடை. எனக்கு என்னவோ அந்த நேரம் உலகத்தில் குறை ஒன்றும் இல்லாததுபோல இருந்தது. முதலில் செய்திப் படம் போட்டார்கள். எங்கோ வெள்ளம் வந்து ஜனங்கள் கூரைமேல் உட்கார்ந்திருந்தார்கள். அப்பா வாயைத் திறந்தபடி பார்த்தார், “ச்சு, பாவம்” என்றார். வாழ்க்கையில் முதல்தடவையாகத் திரையைப் பார்க்கிறவர். அது முடிந்து விளக்கு எரிந்து மறுபடி அணைந்தது.

நான்தான் கெடுத்தேன் என்று வையுங்கள். “அப்பா, இப்பம் பேரு வரும்” என்று அவர் காதில் சொல்லிவிட்டேன். ஒரு பெரிய காரியம் தொடங்கப்போகிறது என்று அப்பாவிடம் சொன்னால் அவர் வேறு என்ன செய்வார்? தலையாட்டினார். குடையை முழங்கால்களுக்கு நடுவே ஊன்றி, கைப்பிடியில் இரண்டு கையையும் வைத்து, கையின்மேல் நெற்றியை வைத்துக் கண்ணை மூடிவிட்டார்.

மேளதாளத்தோடு பேர்கள் வரத் தொடங்கின. நாயகன், நாயகி, இன்னார் இன்னார் என்று திரை மாறிக்கொண்டே இருந்தது. என் கை அவர் தோளுக்குமேல் போய் அந்தரத்தில் நின்றது. இறங்கவில்லை. ஆட்டுக்குட்டி சோறு தின்றபோது சும்மா இருந்த கைதானே? நிமிருங்கள் நிமிருங்கள் என்று மனசுக்குள் கத்திக்கொண்டிருந்தேன். வசனம் வந்தது. இசை வந்தது. ஒளிப்பதிவு வந்தது. இயக்குநர் பெயர் வந்து, கடலைக் காட்டி, ஒரு கார் வந்து நின்று, அதிலிருந்து வில்லன் இறங்கினான். அப்பா ஆமென் என்று நிமிர்ந்தார்.

“உனக்க பேரு எப்பம் வரும் மக்கா?”

“போயிட்டுப்பா.”

கொஞ்ச நேரம் வில்லனையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“திருப்பிப் போடமாட்டாவளா?”

போடமாட்டார்கள் என்றேன். நடுவில் எழுந்தால் மற்றவர்களுக்கு மறைக்கும் என்று இடைவேளை வரைக்கும் உட்கார்ந்திருந்தார். நாயகி மழையில் நனைந்தபோது குடைக் கைப்பிடியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இடைவேளைக்கு விளக்கு எரிந்தது. எங்களுக்கு இரண்டு வரிசை முன்னால், கையில் கடலைப் பொட்டலத்தோடு, எங்கள் உபதேசியார் திரும்பி நின்றுகொண்டிருந்தார். அவருக்கும் குழித்துறையில் தெரிந்தவன் ஒருவனும் இல்லை போலும். அப்பாவும் அவரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். உபதேசியாரின் உதடு மட்டும் ஸ்தோத்திரம் என்று அசைந்தது. அப்பாவின் உதடும் அசைந்தது. அப்பா இந்தக் கதவு வழியாக வெளியே போனார், அவர் அந்தக் கதவு வழியாகப் போனார். நாகர்கோவிலிலிருந்து கீரிப்பாறைக்குக் கடைசிப் பஸ் ஒன்றே ஒன்று. அவர் முன்னால் உட்கார்ந்தார், நாங்கள் பின்னால் உட்கார்ந்தோம்.

மறுநாள் இன்னொரு தடவை வரச்சொல்லிக் கெஞ்சினேன். “ஒருக்கா போனது மகனுக்காண்டிப் போனது. ரெண்டாமத்தும் போனா அது சினிமா பாக்கப் போனதாக்கும்” என்றார். அதற்குமேல் அந்த மனுஷரிடம் வாதாட முடியாது. அந்த ஞாயிற்றுக்கிழமை உபதேசியார் சினிமாவின் கேட்டைப் பற்றி ஒரு பிடி பிடித்தார். எங்கள் பெஞ்சைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்துப் பேசினார். அப்பா ஆமென் சொன்னார்.

சென்னைக்குத் திரும்பிப் போனேன். பெரியவர் சொன்னதைச் செய்திருந்தார். என்னை மதியச் சாப்பாட்டுக்குப் பக்கத்தில் உட்கார வைத்தவர்கள் எல்லாம் வாசலில் நிற்கவைத்தே பேசி அனுப்பினார்கள். அந்தத் தயாரிப்பாளரும் அடுத்த படத்துக்குப் பெரியவர் வீட்டுக்குக் காரை அனுப்பிவிட்டார். பாய், டிரங்குப் பெட்டி, எழுதாத காகிதம் எல்லாவற்றையும் கட்டிக்கொண்டு ஊர் வந்து சேர்ந்தேன். நாகர்கோவில் கோட்டாறில் ஓர் அச்சகத்தில் பிழை திருத்துகிற வேலை கிடைத்தது. கல்யாண வாழ்த்து, கண்ணீர் அஞ்சலி, அம்மன் கோயில் கொடைத் திருவிழா நோட்டீஸ். வாழ்த்துப்பா வேண்டுமென்றால் நானே எழுதிக்கொடுப்பேன். அதற்கும் கீழே மாப்பிள்ளையின் நண்பர்கள் பெயரைத்தான் போடுவார்கள்.

ஒருநாள் உபதேசியார் சபையின் உஜ்ஜீவன ஜெபக் கூட்டத்துக்கு நோட்டீஸ் அடிக்க வந்தார். முதலாளி டீ குடிக்கப் போன சமயம் பார்த்து என் மேசைக்குப் பக்கத்தில் வந்து குனிந்தார். “உனக்க பேரு நல்ல பெரிசாட்டு வந்துது மக்கா. நான் பாத்தேன்” என்றார். கையிலிருந்த புரூஃபைக் கீழே வைத்தேன். அப்பாவிடம் இதை ஒரு வார்த்தை சொல்லுங்கள், உங்கள் காலைப் பிடித்துக்கொள்கிறேன், நீங்கள் சொன்னால் அவர் நம்புவார் என்றேன். உபதேசியார் பயந்துபோனார்.

“அதெப்பிடி? நீரு அங்க எதுக்குப் போனீருன்னு உங்கப்பா கேக்கமாட்டாரா?”

அப்பாவும்தானே வந்திருந்தார் என்றேன்.

“அவரு கண்ண மூடிட்டுல்லா இருந்தாரு. உனக்க பேரு வந்ததும் நான் திரும்பிப் பாத்தேன். நான்தானே தொறந்துட்டு இருந்தேன்” என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்து முடித்ததும் அந்த மனுஷரைக் கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளவேண்டும்போல இருந்தது. அவருடைய நோட்டீஸில் இரண்டு பிழையைத் திருத்தாமல் விட்டேன். என்னால் ஆனது அவ்வளவுதான்.

அப்பா ஓய்வு பெற்றபின் கோட்டாறிலேயே ஒரு சின்ன வீட்டில் இருந்தோம். அம்மா போனபிறகு அவருக்குக் கஞ்சி வைத்துக்கொடுக்கிற வேலையும் என்னுடையதாயிற்று. நெஞ்சில் சளி கட்டி அவர் படுக்கையோடு இருந்த நாட்களில் ஒரு மத்தியானம், அடுத்த வீட்டு டிவியில் ஏதோ பழைய படம் ஓடிக்கொண்டிருந்தது. வசனம் சுவர் தாண்டிக் கேட்டது. எனக்கு எங்கிருந்து அந்தத் தைரியம் வந்ததோ, அன்று தியேட்டரில் அவ்வளவு நேரம் என்னதான் ஜெபித்தீர்கள் என்று கேட்டுவிட்டேன். அத்தனை வருஷத்தில் முதல் தடவை கேட்டது.

நான் கேட்பதற்காகவே காத்திருந்தவர்போல உடனே சொன்னார்.

“உன்ன அந்த எடத்துலயிருந்து வெளிய எடுக்கணும்னு கேட்டேன் மக்கா. பேரு வந்துட்டா நீ அங்கயே கெடந்துருவேன்னு எனக்குப் பயம். கர்த்தர் கேட்டாரு, பாத்தியா? அந்த வருசமே வீடு வந்து சேந்துட்ட.”

சொல்லும்போது அவர் கண்ணில் தண்ணீர். நன்றித் தண்ணீர். என் கையைத் தேடிப் பிடித்துக்கொண்டார். என் பிழைப்பில் மண் விழுந்ததை ஒரு மனுஷர் இத்தனை வருஷமாகச் சாட்சியாக வைத்துக்கொண்டு, தினமும் விடியற்காலையில் அதற்கு நன்றி சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார். நான் பெரியவரை மட்டும் சபித்துக்கொண்டிருந்தேன். இங்கே வீட்டுக்குள்ளிருந்தே ஒருவர் தனியாக மனுப் போட்டிருக்கிறார்! அந்தக் கஞ்சிக் கிண்ணத்தைச் சுவரில் அடித்து உடைக்க எனக்குக் கை பரபரத்தது. கஞ்சி ஆறிப்போகும், குடியுங்கள் என்றுதான் சொன்னேன். அதற்கும் தலை குனிந்தார். ஆமென் வரும்வரை கிண்ணத்தைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

அந்த மழைக்காலத்திலேயே அவர் போய்விட்டார். உபதேசியாரும் அதிக நாள் இருக்கவில்லை. அவருடைய கண்ணீர் அஞ்சலிக்கு நான்தான் புரூஃப் பார்த்தேன். குழித்துறைத் தியேட்டரை இடித்து ஜவுளிக்கடை கட்டிவிட்டார்கள். அந்தப் படம் ஒரு வாரம்கூட நிற்கவில்லை. பிறகு எந்த டிவியிலும் வரவில்லை, இப்போது எல்லாரும் தேடுகிற இடத்தில் தேடினாலும் கிடைக்கவில்லை. தயாரிப்பாளரின் மருமகன் எல்லாப் பெட்டிகளையும் யாருக்கோ எடைக்குப் போட்டுவிட்டதாகவும், அவர்கள் பிலிமைக் கழுவி வெள்ளி எடுத்துக்கொண்டதாகவும் ஒரு பழைய சிநேகிதன் போனில் சொன்னான். அவனும் கேள்விப்பட்டதுதான்.

மறுநாளே நான் தனியாகப் போய்ப் பார்த்திருக்கலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். அப்பா பார்க்காத பேரை நான் எதற்குப் பார்க்கவேண்டும் என்று வீம்பாக இருந்துவிட்டேன். அந்த வெள்ளிக்கிழமை படத்தை எடுத்துவிட்டார்கள். அப்படியானால் அன்று பார்த்தீர்களே, எப்படி இருந்தது, என்ன நிறத்தில் எழுதியிருந்தார்கள் என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. வசனம் என்ற எழுத்து வரைக்கும்தான் என் கண்ணில் பட்டது. கீழே பெயர் வந்த நேரம், இப்போதாவது நிமிர்வாரா என்று நான் அப்பாவின் பிடரியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.